பால்ஃபர் கடிதமும் பிரிட்டனின் 'புறஜாதி' சியோனிஸ்டுகளும்: ஓர் எளிய அறிமுகம்

எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் காஸா பற்றிப் பேச்சு வந்தால் போதும், சித்தப்பா ஒரு பழைய ஃபார்வர்டைத் தூசு தட்டி எடுத்துவிடுவார். முதல் உலகப் போரில் பிரிட்டனுக்கு அசிட்டோன் தட்டுப்பாடு, ஒரு யூத விஞ்ஞானி தயாரித்துக் கொடுத்தார், "என்ன வேண்டும் கேள்" என்றார்கள், "பாலஸ்தீனம்" என்றார், கொடுத்துவிட்டார்கள். உடனே மாமாவிடமிருந்து பதில் வரும்: "அதெல்லாம் சும்மா. எல்லாம் ராத்ஸ்சைல்ட் பணம்." (ராத்ஸ்சைல்ட் என்பது ஒரு பணக்கார யூத வங்கிக் குடும்பம்.) அப்புறம் அரை மணி நேரத்துக்கு மற்றவர்கள் குழுவை மியூட்டில் போட்டுவிடுவோம்.

இரண்டு கதைகளும் எதிரெதிர் போலத் தோன்றினாலும் ஓட்டை ஒரே இடத்தில்தான் இருக்கிறது. 'பிரிட்டன்' என்று ஒரே ஓர் ஆள் இருந்ததுபோலவும், அவர் ஒரே ஒரு காரணத்துக்காக ஒரு நாட்டைத் தூக்கிக் கொடுத்ததுபோலவும் இருவரும் பேசுகிறார்கள். நடந்தது வேறு. சில அரசியல்வாதிகள் இருந்தார்கள், ஆளுக்கொரு கணக்கு இருந்தது. அந்த மனிதர்களைப் பிரித்துப் பார்த்தால்தான் விஷயம் பிடிபடும்.

முதலில் ஒரு வீட்டுக் கதை

ஊரில் ஒரு பெரிய வீடு. அதற்குள் பல தலைமுறையாக ஒரு குடும்பம் வாழ்கிறது. பத்திரம் மட்டும் இன்னொருவர் பெயரில். அந்தப் பத்திரக்காரரோடு மூன்றாவது ஆள் ஒருவர் சண்டை போட்டுக்கொண்டிருக்கிறார். வீட்டு வாசல் இன்னும் அவர் கைக்கு வரவில்லை. இதற்கிடையே நான்காவது ஆள் வருகிறார்: "இது எங்கள் பூர்விக வீடு. வெளியூரில் எங்களை நிம்மதியாக இருக்க விடுவதில்லை. திரும்பி வர வேண்டும்." மூன்றாமவர் அவருக்கு ஒரு கடிதம் எழுதித் தருகிறார்: "இந்த வீட்டில் உங்களுக்கு ஓர் இடம் அமைவதை நான் ஆதரிக்கிறேன். என்னால் ஆனதைச் செய்கிறேன். உள்ளே இருப்பவர்களுக்கு இடைஞ்சல் வராது."

உள்ளே இருப்பவர்களை யாரும் கேட்கவில்லை.

பத்திரக்காரர், 400 ஆண்டுகளாகப் பாலஸ்தீனத்தை ஆண்ட துருக்கி ஒட்டோமான் பேரரசு. உள்ளே வாழ்ந்தவர்கள் பெரும்பாலும் அரபு முஸ்லிம்களும் கிறிஸ்தவர்களும். அவர்களோடு யூதர்களும் சிறுபான்மையாக இருந்தார்கள், ஏறத்தாழ பத்தில் ஒரு பங்கு. மூன்றாவது ஆள் பிரிட்டன், நான்காவது ஆள் சியோனிச இயக்கம். கடிதத்தின் தேதி 1917 நவம்பர் 2. அதைத்தான் பால்ஃபர் பிரகடனம் என்கிறோம்.

சியோனிசம் என்ற சொல்

தமிழ் பைபிள் படித்தவர்களுக்கு 'சீயோன்' புதிய சொல் இல்லை. ஜெருசலேமில் உள்ள ஒரு குன்று அது, பிறகு அந்த நகரத்துக்கே பெயராக ஆனது. யூதர்கள் ஒரு மதத்தார் மட்டுமில்லை, ஒரு தேசிய இனமும்கூட, அவர்களுக்கென்று ஒரு தாயகம் வேண்டும் என்று 19-ஆம் நூற்றாண்டின் இறுதியில் எழுந்த அரசியல் இயக்கம்தான் சியோனிசம். ரஷ்யப் பேரரசில் யூதர்கள் மீது கலவரங்கள், மற்ற இடங்களில் ஓயாத வெறுப்பு. இந்தப் பின்னணியில் தியோடர் ஹெர்சல் 1897-இல் சுவிட்சர்லாந்தின் பாசெல் நகரில் முதல் மாநாட்டைக் கூட்டினார்.

எல்லா யூதர்களும் சியோனிஸ்டுகள் என்று நினைப்பது பெரிய தவறு. அன்றைக்கு இதைக் கடுமையாக எதிர்த்தவர்களில் யூதர்களே நிறைய பேர். அதேபோல், எல்லா சியோனிஸ்டுகளும் யூதர்கள் என்பதும் தவறு. யூதராக இல்லாமலே இந்த இயக்கத்துக்காக உழைத்த பிரிட்டிஷ்காரர்களை ஆங்கில வரலாற்று நூல்கள் 'ஜெண்டைல் சியோனிஸ்டுகள்' என்று குறிப்பிடும். யூதரல்லாதவர் என்பதற்குத் தமிழ் பைபிளில் ஏற்கெனவே 'புறஜாதியார்' என்ற சொல் இருக்கிறது, ஆகவே இவர்களைப் புறஜாதி சியோனிஸ்டுகள் என்றே சொல்லலாம்.

கடிதத்தில் இருப்பதும் இல்லாததும்

வெளியுறவு அமைச்சர் ஆர்தர் பால்ஃபர், லார்டு வால்டர் ராத்ஸ்சைல்டுக்கு எழுதிய சின்னக் கடிதம் அது. சாரமான பகுதி ஆங்கிலத்தில் 67 சொற்கள்தான். அதில் 'நாடு' என்ற சொல்லோ 'அரசு' என்ற சொல்லோ யூதர்களுக்கான வாக்குறுதியாக வரவில்லை. 'தேசிய இல்லம்' என்றுதான் இருக்கிறது. அதற்கு முன்பு எந்தச் சர்வதேசச் சட்டத்திலும் அந்தச் சொல்லுக்குப் பொருள் கிடையாது. பொருள் இல்லாததுதான் அதன் வசதியே. சியோனிஸ்டுகள் அதை நாளைய அரசாகப் படிக்கலாம், அமைச்சர்கள் ஒரு பண்பாட்டு மையமாகப் படிக்கலாம், யாரும் பொய் சொன்னதாக ஆகாது.

அடுத்து, 'பாலஸ்தீனத்தில்' என்பதில் உள்ள அந்த ஏழாம் வேற்றுமை உருபு. 1917 ஜூலையில் சியோனிஸ்டுகள் கொடுத்த வரைவில், பாலஸ்தீனமே யூதர்களின் தேசிய இல்லமாக மறுபடி அமைய வேண்டும் என்று இருந்தது. பல கை மாறி இறுதி வடிவம் வந்தபோது, பாலஸ்தீனத்தில் ஒரு தேசிய இல்லம் என்று ஆகியிருந்தது. 'இந்த வீடு உனக்கு' என்பதற்கும் 'இந்த வீட்டில் உனக்கு இடம்' என்பதற்கும் உள்ள தூரம் அது. பங்காளிச் சண்டை பார்த்தவர்களுக்கு விளக்கவே வேண்டாம்.

என்னை அதிகம் உறுத்துவது மூன்றாவது விஷயம். அங்கே ஏற்கெனவே வாழும் 'யூதரல்லாத சமூகங்களின்' குடியுரிமை சார்ந்த உரிமைகளுக்கும் மத உரிமைகளுக்கும் பாதகம் வராது என்கிறது கடிதம். பத்தில் ஒன்பது பேராக இருந்தவர்களுக்கு அதில் பெயர்கூட இல்லை, 'அரபு' என்ற சொல்லே வரவில்லை. அரசியல் உரிமை பற்றியும் பேச்சில்லை. ஆனால் அடுத்த வரியிலேயே, பிற நாடுகளில் யூதர்கள் அனுபவிக்கும் 'அரசியல் தகுதி' பாதிக்கப்படாது என்று வருகிறது. ஆக, அந்தச் சொல் எழுதியவர்களுக்குத் தெரியாததில்லை. ஓரிடத்தில் போட்டார்கள், இன்னோர் இடத்தில் விட்டுவிட்டார்கள்.

இதுவரை பார்த்ததைச் சுருக்கினால்: 1917-இல் பிரிட்டன் யாருக்கும் நாட்டைக் கொடுக்கவில்லை, கொடுக்க அது அதன் கையிலும் இல்லை. வேண்டுமென்றே மங்கலாக எழுதிய ஓர் ஆதரவுக் கடிதத்தைத்தான் கொடுத்தது. அதை யார், எதற்காக எழுதவைத்தார்கள் என்பது அடுத்த கேள்வி.

ஆதரித்தவர்களின் கணக்குகள்

ஒரு வார்டு தேர்தலில் ஒரே வேட்பாளருக்கு ஐந்து பேர் வேலை செய்கிறார்கள் என்று வையுங்கள். ஒருவருக்கு அவர் சொந்தக்காரர், இன்னொருவருக்குச் சாலை காண்ட்ராக்ட் வேண்டும், வேறொருவருக்கு எதிர் வேட்பாளர் வரக் கூடாது, அவ்வளவுதான். ஓட்டு எண்ணும்போது எல்லாம் ஒன்றாகத்தான் தெரியும். 1917-இன் போர்க்கால அமைச்சரவையும் ஏறக்குறைய அப்படித்தான் இருந்தது.

பிரதமர் லாய்ட் ஜார்ஜ் வேல்ஸ் நாட்டுக்காரர், பாப்டிஸ்ட் குடும்பத்தில் பைபிளோடு வளர்ந்தவர். சொந்த நாட்டு அரசர்களைவிட இஸ்ரவேலின் அரசர்களைப் பற்றித்தான் பள்ளியில் அதிகம் கற்றதாக அவரே சொல்லியிருக்கிறார். ஆனால் பக்தி மட்டும் காரணம் என்று நம்பிவிட வேண்டாம். பாலஸ்தீனம் சூயஸ் கால்வாய்க்குப் பக்கத்தில் இருக்கிறது, சூயஸ் இந்தியாவுக்குப் போகும் வழியில் இருக்கிறது. 1916-இல் பிரிட்டனும் பிரான்சும் மத்தியக் கிழக்கைப் பங்கு போட்டுக்கொண்ட ரகசிய சைக்ஸ்-பிக்கோ ஒப்பந்தத்தில் பாலஸ்தீனத்தின் பெரும்பகுதி சர்வதேச நிர்வாகத்துக்கு என்று ஒதுக்கப்பட்டிருந்தது. பிரான்சைத் தள்ளிவைத்துவிட்டு அங்கே தனியாக உட்கார ஒரு சாக்கு தேவைப்பட்டது. சியோனிசத்தின் காவலர் என்ற பட்டம் அதற்கு நன்றாகப் பொருந்தியது.

பால்ஃபர் இன்னும் விசித்திரமானவர். 1905-இல் அவர் பிரதமராக இருந்தபோதுதான் வெளிநாட்டினர் சட்டம் வந்தது. கிழக்கு ஐரோப்பாவிலிருந்து ஓடிவந்த யூதர்கள் பிரிட்டனுக்குள் வருவதைக் குறைப்பதே அதன் முக்கிய நோக்கம். லண்டனில் கதவைச் சாத்தியவர் ஜெருசலேமில் கதவைத் திறக்கச் சொல்கிறார். இதில் முரண் இல்லை என்று வாதிடுபவர்களும் உண்டு: யூதர்களை ஐரோப்பாவுக்குள் செரிக்க முடியாத தனி இனமாக நினைத்த ஒருவர், அவர்களுக்குத் தனி இடம் வேண்டும் என்று சொல்வது இயல்புதானே! அவருக்கு இதில் உண்மையான ஈடுபாடு இருந்ததையும் மறுக்க முடியாது. 1919-இல் எழுதிய ஒரு குறிப்பில் அவர் மனதைத் திறந்தே காட்டுகிறார். சரியோ தவறோ, சியோனிசத்தின் வேர்கள் நெடுங்கால மரபில் இருக்கின்றன, அந்தப் பழம்பெரும் மண்ணில் இப்போது வாழும் 7 லட்சம் அரபுகளின் விருப்பங்களைவிட அது ஆழமானது என்பது அதன் சாரம். கடிதத்தில் மூடி எழுதியதை இங்கே மூடாமல் எழுதிவிட்டார்.

மூன்றாவது கணக்கு பிரச்சாரம். அமெரிக்கா போருக்குள் வந்திருந்தது, ரஷ்யா நழுவிக்கொண்டிருந்தது. இரண்டு நாட்டு யூதர்களும் தங்கள் அரசுகளை ஆட்டிவைக்கிறார்கள், அவர்களைக் கையில் போட்டுக்கொண்டால் போரை நடத்திவிடலாம் என்று பிரிட்டிஷ் அதிகாரிகள் பலர் நம்பினார்கள். யூதர்கள் உலகத்தை ரகசியமாக ஆள்கிறார்கள் என்ற பழைய வெறுப்புக் கட்டுக்கதையின் கோட் சூட் போட்ட வடிவம் இது. அந்தக் கட்டுக்கதையை நம்பியவர்கள்தான் யூதர்களுக்குச் சாதகமான முடிவை எடுத்தார்கள். கடிதம் நவம்பர் 9 அன்று பத்திரிகைகளில் வந்தது. அதற்கு இரண்டு நாள் முன்பு ரஷ்யாவில் போல்ஷெவிக்குகள் ஆட்சியைப் பிடித்துவிட்டார்கள்.

எதிர்த்த இருவர், நமக்குத் தெரிந்தவர்கள்

மாண்டேகு-செம்ஸ்ஃபோர்டு சீர்திருத்தம் என்று போட்டித் தேர்வுக்கு மனப்பாடம் செய்திருப்பீர்கள். அந்த எட்வின் மாண்டேகுதான் அப்போது இந்தியா அமைச்சர், ஆட்சியில் இருந்த ஒரே யூதர். பால்ஃபர் கடிதத்தை முழு மூச்சாக எதிர்த்தவரும் அவர்தான்.

தேதிகளைப் பாருங்கள். 1917 ஆகஸ்ட் 20 அன்று, இந்தியாவில் படிப்படியாகப் 'பொறுப்பாட்சி' கொண்டுவருவதே பிரிட்டனின் கொள்கை என்று நாடாளுமன்றத்தில் அறிவிக்கிறார். மூன்று நாள் கழித்து, ஆகஸ்ட் 23 தேதியிட்ட ஒரு குறிப்பைச் சக அமைச்சர்களுக்கு அனுப்புகிறார். தலைப்பே 'இந்த அரசாங்கத்தின் யூத எதிர்ப்பு'. யூதர்களுக்கு அங்கே ஒரு தேசிய இல்லம் என்று நீங்கள் அறிவித்தால், எல்லா நாடுகளும் தங்கள் யூதக் குடிமக்களைப் பார்த்து 'உன் ஊருக்குப் போ' என்று சொல்லும். நான் ஆங்கிலேயன், என்னை அந்நியனாக்காதீர்கள். இதுதான் அவர் வாதம். கடிதத்தில் பிற நாட்டு யூதர்களின் அரசியல் தகுதி பற்றி ஒரு வரி இருக்கிறதே, அது இப்படிப்பட்ட எதிர்ப்பைச் சமாளிக்கச் சேர்த்தது. அக்டோபரில் மாண்டேகு இந்தியாவுக்குக் கிளம்பிவிட்டார், அவர் இல்லாதபோது முடிவாகிவிட்டது. டிசம்பரில் மதராஸில் நீதிக் கட்சியினரும் ஹோம் ரூல்காரர்களும் மாறி மாறி அவரைச் சந்தித்து மனுக் கொடுத்தபோது, இப்படி ஒரு தோல்வியோடுதான் அவர் உட்கார்ந்திருந்தார்.

இன்னொரு சுவாரசியம்: சியோனிசத் திட்டத்தை 1915 ஜனவரியிலேயே அமைச்சரவைக்கு எழுத்தில் கொடுத்தவர் ஹெர்பர்ட் சாமுவேல். அவரும் யூதர், மாண்டேகுவின் நெருங்கிய உறவினர்.

இரண்டாவது எதிர்ப்பாளர் கர்சன். ஆமாம், வங்கத்தைப் பிரித்த அதே கர்சன் பிரபு. அக்டோபர் 26 தேதியிட்ட குறிப்பில் அவர்தான் வேறு யாரும் அழுத்திக் கேட்காத கேள்வியைக் கேட்டார்: அந்த நாட்டு மக்களை என்ன செய்யப் போகிறோம்? அவர்களும் அவர்கள் முன்னோர்களும் ஏறக்குறைய 1500 ஆண்டுகளாக அங்கே இருக்கிறார்கள், வந்தேறுவோருக்கு விறகு வெட்டவும் தண்ணீர் சுமக்கவும் சம்மதிக்க மாட்டார்கள் என்று எழுதினார். எழுதிவிட்டு, ஐந்து நாளில் அமைச்சரவைக் கூட்டத்தில் ஒத்துக்கொண்டும் விட்டார். பிரச்சாரப் பயன் இருக்கிறது என்ற வாதத்துக்கு அவர் தலையசைத்தார்.

மாண்டேகு வாசித்த இந்திய அறிவிப்பில் 'சுயாட்சி' போன்ற சொல்லைத் தவிர்த்து 'பொறுப்பாட்சி' என்று எழுதியதும் கர்சனின் பேனாதான். ஒரே அமைச்சரவை, ஒரே ஆண்டு, இரண்டு மங்கலான சொற்கள்.

மறுபடி ஒரு நிமிடம் நின்று பார்த்தால்: ஆதரித்தவர்களில் யூதர்களைத் தன் நாட்டுக்குள் விடத் தயங்கியவர் இருக்கிறார். எதிர்த்தவர்களில் முதல் ஆள் யூதர். 'யூதர்களுக்கு ஆதரவு, யூதர்களுக்கு எதிர்ப்பு' என்ற இரட்டைப் பெட்டியில் இவர்களை அடைக்க முடியாது.

சரி, அசிட்டோனும் பணமும்?

சித்தப்பாவின் கதையில் பாதி நிஜம். கைம் வைஸ்மன், மான்செஸ்டர் பல்கலைக்கழகத்தில் வேதியியல் ஆசிரியர், பிரிட்டனில் சியோனிச இயக்கத்தின் தலைவரும்கூட. பாக்டீரியாவை வைத்துப் புளிக்கவைத்து அசிட்டோன் எடுக்கும் முறையைக் கண்டுபிடித்தார். பீரங்கிகளுக்குத் தேவையான கார்டைட் என்ற வெடிமருந்துக்கு அது பயன்பட்டது. அப்போது வெடிமருந்துத் துறை அமைச்சர், பின்னர் பிரதமரான லாய்ட் ஜார்ஜ். இதற்குப் பரிசாகத்தான் பிரகடனம் வந்தது என்ற கதையைப் பின்னாளில் தன் போர் நினைவுகளில் எழுதிவைத்தவரும் அவரே. ஆனால் வைஸ்மனே அதை ஒப்புக்கொள்ளவில்லை. அவ்வளவு சுலபமாக இருந்திருந்தால் நன்றாகத்தான் இருந்திருக்கும், வரலாறு அலாவுதீன் விளக்கை வைத்துக்கொண்டு வேலை செய்வதில்லை என்று தன் வாழ்க்கை வரலாற்றில் கிண்டலடிக்கிறார். அசிட்டோன் அவருக்குப் பெரிய மனிதர்களின் வரவேற்பறைகளைத் திறந்துவிட்டது. உள்ளே போய்ப் பேசியது அவருடைய நாக்கு.

மாமாவின் ராத்ஸ்சைல்ட்? கடிதம் பெற்ற வால்டர் ராத்ஸ்சைல்ட் வங்கித் தொழிலில் மனம் ஒட்டாத விலங்கியலாளர். ட்ரிங் என்ற ஊரில் சொந்தமாக அருங்காட்சியகம் வைத்திருந்தார், வரிக்குதிரைகளைப் பூட்டி வண்டி ஓட்டியவர். ஒரு வகை ஒட்டகச்சிவிங்கிக்கு அவர் பெயர் இருக்கிறது. அந்தக் குடும்பமும் ஒரே பக்கம் நிற்கவில்லை. 1917 நவம்பரிலேயே சியோனிசத்தை எதிர்த்துத் தொடங்கிய பிரிட்டிஷ் யூதர் சங்கத்துக்குத் தலைவர் இன்னொரு ராத்ஸ்சைல்ட்.

அமைச்சரவை ஒப்புதல் தந்த அக்டோபர் 31 அன்று வைஸ்மன் அறைக்கு வெளியே காத்திருந்தார். சைக்ஸ்-பிக்கோ ஒப்பந்தத்தின் அதே மார்க் சைக்ஸ் வெளியே வந்து, "டாக்டர் வைஸ்மன், ஆண் குழந்தை!" என்றார். எதிர்பார்த்த குழந்தை இது இல்லை, முதலில் எனக்குப் பிடிக்கவில்லை என்று வைஸ்மன் பிறகு எழுதினார். அதே நாளில்தான் பிரிட்டிஷ் படை பாலஸ்தீனத்தின் தெற்கே பீர்ஷெபாவைப் பிடித்தது. ஜெருசலேமுக்குள் ஜெனரல் ஆலன்பி நுழைந்தது டிசம்பர் 11-இல்.

கடிதம் எப்படிச் சட்டமானது, எப்படிச் சுருங்கியது

கையால் எழுதிக்கொடுத்த சீட்டு பதிவு அலுவலகத்துக்குப் போனால் வேறு பலம் வந்துவிடும். பால்ஃபர் கடிதத்துக்கு அந்தப் பதிவு 1922-இல் நடந்தது. போரில் தோற்ற நாடுகளின் பகுதிகளை, அவை சுயாட்சிக்குத் 'தயாராகும் வரை' நிர்வகிக்கச் சர்வதேசச் சங்கம் (லீக் ஆஃப் நேஷன்ஸ்) வல்லரசுகளுக்குக் கொடுத்த பொறுப்பின் பெயர் மாண்டேட். பாலஸ்தீன மாண்டேட் பிரிட்டனுக்கு வந்தது, அதன் முகவுரையிலேயே கடிதத்தின் வாசகத்தைச் சேர்த்தார்கள். அதற்கு முன்பே, 1920-இல், முதல் ஹை கமிஷனராக அங்கே போய் இறங்கியிருந்தார் ஹெர்பர்ட் சாமுவேல்.

பிறகு வந்தவை இழுபறிகள். 'வெள்ளை அறிக்கை' என்பது அரசு தன் கொள்கையை அறிவிக்கும் ஆவணம். 1922-இல் சர்ச்சில் காலனி அமைச்சராக இருந்தபோது வந்த வெள்ளை அறிக்கை, பாலஸ்தீனம் முழுவதும் யூத இல்லமாக மாறும் என்று யாரும் எண்ண வேண்டாம் என்றது. 1930-இல் வந்த வெள்ளை அறிக்கை யூதக் குடியேற்றத்துக்கும் நிலம் வாங்குவதற்கும் கடிவாளம் போடப் பார்த்தது. லண்டனில் எழுந்த எதிர்ப்பில், 1931 பிப்ரவரியில் பிரதமர் ராம்சே மெக்டொனால்ட் வைஸ்மனுக்கு ஒரு கடிதம் எழுதி அதைக் கிட்டத்தட்ட வாபஸ் வாங்கினார். அரபுகள் அதைக் கறுப்புக் கடிதம் என்றார்கள். அந்தப் பேச்சுவார்த்தையில் சியோனிஸ்டுகளுக்கு உதவியாக ஓடியாடியவர் பிரதமரின் மகன் மால்கம் மெக்டொனால்ட்.

1936-இல் பெரும் அரபுக் கிளர்ச்சி. 1937-இல் பிரிட்டன் அமைத்த விசாரணைக் குழுவான பீல் கமிஷன், யூதர்களுக்கும் அரபுகளுக்கும் நாட்டைப் பிரித்துக் கொடுத்துவிடலாம் என்றது. 1939-இல் போர் மேகம் சூழ்ந்தபோது பிரிட்டனுக்கு அரபு நாடுகளின் அமைதி தேவைப்பட்டது. அந்த ஆண்டு வந்த வெள்ளை அறிக்கை, ஐந்து ஆண்டுகளுக்கு 75,000 யூதர்கள் மட்டும், அதன்பின் அரபுகள் சம்மதித்தால்தான் என்று கதவை ஏறக்குறைய மூடியது. ஹிட்லரிடமிருந்து தப்ப யூதர்கள் வழி தேடிக்கொண்டிருந்த ஆண்டு அது. அதை வெளியிட்ட காலனி அமைச்சர் அதே மால்கம் மெக்டொனால்ட். நாடாளுமன்றத்தில் அதை எதிர்த்துப் பேசியவர்களில் ஒருவர் சர்ச்சில்.

ஆக, சியோனிச ஆதரவு என்பது பிரிட்டிஷ் அரசின் நிரந்தரக் குணம் இல்லை. ஆள் மாறியபோது மாறியது, ஆள் மாறாமலும் மாறியது.

இதையெல்லாம் எங்கே படிப்பது

இந்த மனிதர்களைத் தொடர்ந்து எழுதியவர்களில் முக்கியமானவர் ஜெருசலேம் ஹீப்ரு பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்த நார்மன் ரோஸ். 'தி ஜெண்டைல் சியோனிஸ்ட்ஸ்' என்ற அவர் நூல் 1973-இல் வந்தது. 1929 முதல் 1939 வரையிலான பத்தாண்டு, அதாவது கதவு திறந்து மூடிய காலம்தான் அதன் களம். வரலாற்றாசிரியர் லூயிஸ் நேமியருக்கும் சியோனிசத்துக்கும் இருந்த உறவு பற்றி 1980-இல் ஒரு நூல், வைஸ்மன் வாழ்க்கை வரலாறு 1986-இல், சர்ச்சில் பற்றி ஒன்று 1994-இல். கொள்கையைவிட ஆட்களின் வழியாகக் கதை சொல்வது அவர் பாணி. எல்லாம் பெரும்பாலும் லண்டன் அறைகளுக்குள் நடக்கிறது, நாப்லுஸ், ஜாஃபா போன்ற பாலஸ்தீன ஊர்களில் இருந்தவர்கள் என்ன நினைத்தார்கள் என்பதற்கு வேறு புத்தகங்களைத் தேட வேண்டும்.

ஒன்றே ஒன்று படிப்பதாக இருந்தால், அவர் பதிப்பித்த பிளாஞ்ச் டக்டேலின் நாட்குறிப்பைச் சொல்வேன். வீட்டில் அவரை 'பாஃபி' என்பார்கள். பால்ஃபரின் உறவுப் பெண், அவருடைய வாழ்க்கை வரலாற்றை எழுதியவர், பக்தியுள்ள கிறிஸ்தவர், லண்டன் சியோனிச அலுவலகத்தில் வைஸ்மனுக்கு வலக்கை. வால்டர் எலியட் என்ற அமைச்சர் அவருக்கு நெருங்கிய நண்பர். அமைச்சரவைக்குள் என்ன பேசினார்கள் என்பது எலியட் வழியாக பாஃபிக்கும், பாஃபி வழியாக வைஸ்மனுக்கும் போய்ச் சேரும். அரசு ரகசியம் சாப்பாட்டு மேசை வழியாகக் கசிவதை நாள்வாரியாகப் படிக்கலாம். நாட்குறிப்பு 1936-இல் தொடங்கி 1947-இல் நிற்கிறது. 1948 மே 14 அன்று டெல் அவிவில் இஸ்ரேல் அரசு அறிவிக்கப்பட்டது. இரண்டு நாள் கழித்து பாஃபி இறந்தார்.